மாவே இல்லாத பிறந்தநாள் கேக்



இந்தப் பகுதியில் ரசப்பொடி, வடாம், ஊறுகாய் என்று எத்தனையோ பக்குவங்களைத் தோழிகள் எழுதுகிறார்கள். நான் எழுதப்போவதோ ஒரு கேக்கைப் பற்றி. அதுவும் முட்டை போட்ட கேக்! எங்கள் தெருவில் என்னைத் தெரிந்தவர்கள் இதைப் படித்தால் நெஞ்சில் கை வைத்துக்கொள்வார்கள். பரவாயில்லை. யாராவது ஒரு வீட்டில், ஒரு குழந்தைக்கு இது பயன்பட்டால் போதும் என்றுதான் எழுதுகிறேன்.

எனக்கு ஊர் பாளையங்கோட்டை. பிறந்த வீடு, புகுந்த வீடு இரண்டிலும் முட்டை அடுக்களைக்குள் நுழைந்தது கிடையாது. பக்கத்து வீட்டு டீச்சரம்மா கிறிஸ்துமஸுக்குப் பலகாரத் தட்டு அனுப்பும்போதுகூட, எங்களுக்கென்று முறுக்கும் அதிரசமும் மட்டும் தனியாக எடுத்து வைத்து அனுப்புவார். கேக் துண்டு ஒன்றுகூட அதில் இருக்காது. அவ்வளவு மரியாதை! அப்படி இருந்த நான், 62 வயதில், கடல் தாண்டிப்போய் ஏழு முட்டையை என் கையால் உடைத்தேன். ஏன் என்று சொல்கிறேன்.

என் மகள் ஆஸ்திரியாவில், வியன்னா நகரத்தில் குடும்பத்தோடு இருக்கிறாள். ஒரே பேரன். 2023 ஆரம்பத்தில் அவனுக்கு வயிறு உப்புசம், அடிக்கடி வயிற்றுப்போக்கு, எடை ஏறவே இல்லை. எதைக் கொடுத்தாலும் உடம்பில் ஒட்டவில்லை. ரத்தம் எடுத்துப் பார்த்து, பிறகு எண்டோஸ்கோபி செய்து, 'சீலியாக்' என்று டாக்டர் சொல்லிவிட்டார். கோதுமை, பார்லி, ரை ஆகிய தானியங்களில் இருக்கும் குளூட்டன் என்ற புரதம் இவன் உடம்புக்கு ஆகாது. அதைச் சாப்பிட்டால் உடம்பின் எதிர்ப்புச் சக்தியே அவன் சிறுகுடலைப் புண்ணாக்கிவிடும். மாத்திரை கிடையாது. வாழ்நாள் முழுக்க குளூட்டன் இல்லாத சாப்பாடுதான் வைத்தியம்.

போனில் கேட்டபோது எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. "இவ்வளவுதானே? நம்ம வீட்ல என்னைக்குக் கோதுமை தின்னோம்? இட்லி, தோசை, சோறு, சொதி... எல்லாமே அரிசிதானே! நான் வந்து பாத்துக்கிடுதேன்" என்றேன். அந்த வாய்க்கொழுப்புக்குப் பின்னால் நன்றாக அனுபவித்தேன்.

அக்டோபரில் கிளம்பினேன். விசா 90 நாள். பெட்டி நிறைய சாம்பார் பொடி, புளி, வத்தல், கட்டிப் பெருங்காயம். போன மறுநாளே அடுக்களையை என் கைக்கு எடுத்துக்கொண்டேன். தினமும் சாம்பார், ரசம். பேரன் "ஆச்சி ரசம்! ஆச்சி ரசம்!" என்று டம்ளரில் வாங்கி வாங்கிக் குடித்தான். எனக்குப் பெருமை தாங்கவில்லை. பெருங்காயம் ஜீரணத்துக்கு நல்லதாயிற்றே, குழந்தை வயிறுக்கு இதம் என்று ஒரு துண்டு கூடவே போட்டேன்.

இரண்டு வாரம் ஆகவில்லை, மறுபடி வயிறு உப்பிக்கொண்டது. ராத்திரி எழுந்து "வலிக்குது ஆச்சி" என்று அழுவான். மகள் தவித்தாள். நான் முதலில் சந்தேகப்பட்டது அவன் போகும் கிண்டர்கார்டனை. "அங்கதான் யாரோ ரொட்டியைக் குடுத்திருக்கா. போய்ச் சத்தம் போட்டுட்டு வா" என்று மகளைக் கிளப்பிவிட்டேன். அவளும் போய்க் கேட்டாள். பாவம், அந்த டீச்சர்கள் இவனுக்கென்று தனித் தட்டு, தனி ஸ்பூன் வைத்து, கண்ணில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஒரு நாள் சாயங்காலம் மாப்பிள்ளை அலமாரியில் இருந்த டப்பா ஒவ்வொன்றாக எடுத்துப் பொடி எழுத்தைப் படித்துக்கொண்டிருந்தார். பெருங்காய டப்பாவை எடுத்தவர் அப்படியே நின்றுவிட்டார். ஒன்றும் பேசாமல் மகளிடம் நீட்டினார்.

"அம்மா, நீ இதைப் படிச்சியா?"

படித்தேன். பிசின், பெருங்காயம்... நடுவில், கோதுமை மாவு.

தோழிகளே, நாற்பது வருஷமாகப் பெருங்காயம் போட்டுச் சமைக்கிறேன். அதில் மாவு கலந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. சுத்தமான பெருங்காயம் காரமும் நெடியும் மிகுந்தது. அதை அப்படியே போட முடியாது என்பதால் அரிசி மாவோ கோதுமை மாவோ பிசினோ சேர்த்துத்தான் கூட்டுப் பெருங்காயமாக விற்கிறார்கள். அதில் ஏமாற்று ஒன்றும் இல்லை, டப்பாவிலேயே அச்சடித்திருக்கிறது. படிக்காதது நான்தான். குழந்தை வயிற்றுக்கு இதம் என்று நினைத்து, அவனுக்கு ஆகாததை நானே தினமும் ஊற்றிக் கொடுத்திருக்கிறேன். இந்த வியாதிக்கு நுனி விரல் அளவு மாவுகூட ஜாஸ்தியாம்.

அன்று ராத்திரி நான் சாப்பிடவில்லை. மகள் என்னைக் கோபமாக ஒரு வார்த்தை சொல்லியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். "விடும்மா, தெரியாமத்தான" என்று பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொண்டாள். அதுதான் இன்னும் வலித்தது.

மறுநாளே ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி, மாப்பிள்ளையிடம் கேட்டு அந்த ஊர் பாஷையில் மூன்று வார்த்தைகளை எழுதிக்கொண்டேன். வைட்சன் என்றால் கோதுமை. கெர்ஸ்டெ என்றால் பார்லி. ரோகன் என்றால் ரை. ஐரோப்பாவில் 2014 டிசம்பர் முதல் ஒரு சட்டம் இருக்கிறது. ஒவ்வாமை தரக்கூடிய பொருட்களைப் பாக்கெட்டில் மற்ற எழுத்திலிருந்து தனியாகத் தெரியும்படி அச்சடிக்க வேண்டும். அதனால் தடித்த எழுத்தில் இந்த மூன்றும் இருக்கிறதா என்று முதலில் பார்ப்பேன். பாஷை தெரியாத நான் கடையில் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு பாக்கெட்டாகத் திருப்பிப் பார்ப்பேன். கடைப் பையன்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டுமே!

பெருங்காயத்தை நிறுத்திய பிறகு பேரன் மெல்ல மெல்லத் தேறினான்.

டிசம்பரில் அவனுக்கு ஆறாவது பிறந்தநாள் வந்தது. வியன்னாவைப் பற்றித் தெரிந்தவர்களுக்குத் தெரியும், அது கேக்குக்குப் பேர் போன ஊர். 1832-ல் பிரான்ஸ் சாஹர் என்ற பதினாறு வயதுப் பயிற்சிச் சமையல்காரர், அமைச்சர் மெட்டர்னிக் வீட்டு விருந்துக்குச் செய்தாராம் என்று ஒரு சாக்லேட் கேக்கை இன்றும் கொண்டாடுகிறார்கள். தெருவுக்குத் தெரு கண்ணாடிக்குள் கேக் அடுக்கியிருக்கும். பேரன் அந்தக் கண்ணாடிகளைப் பார்க்காமலே நடக்கப் பழகியிருந்தான். ஆறு வயசுப் பிள்ளை பார்க்காமல் நடப்பதைப் பார்க்க எனக்குத்தான் தாங்கவில்லை.

"பிறந்தநாளுக்கு என்னடா வேணும்?" என்று கேட்டேன்.

"கூட்டாளிங்களைக் கூப்பிடணும் ஆச்சி. ஆனா அம்மா செய்யற கேக் வேண்டாம். யாருமே ரெண்டாவது துண்டு கேக்க மாட்டாங்க."

மகளும் பாவம், குளூட்டன் இல்லாத மாவுப் பாக்கெட் வாங்கிச் செய்துதான் பார்த்தாள். கோதுமை மாவில்தான் அந்த ஜவ்வு இருக்கிறது. அதற்கு ஈடாக அரிசி மாவும் கிழங்கு மாவும் கலந்தால் எல்லாருக்கும் பக்குவம் வருவதில்லை. இவள் செய்தது ஓரம் காய்ந்து, வாயில் மணல் மாதிரி உதிர்ந்தது. பிள்ளைகள் மரியாதைக்கு ஒரு துண்டு தின்றுவிட்டு வைத்துவிடுவார்கள்.

இந்தக் கவலையை மகள் மாடியில் குடியிருக்கும் ஒரு ஆஸ்திரியப் பாட்டியம்மாவிடம் பேச்சுவாக்கில் சொல்லியிருக்கிறாள். எண்பது வயதைத் தாண்டியவர். தனியாக இருக்கிறார். அவர் சொன்ன பதிலை மகள் எனக்குத் தமிழில் சொன்னாள்.

"மாவு இல்லேன்னா என்ன? எங்க அம்மா செய்யற நட் டோர்ட்டேயில எப்பவுமே மாவு கிடையாதே!"

டோர்ட்டே என்றால் அந்த ஊரில் பண்டிகைக்கும் விருந்துக்கும் செய்கிற வட்டமான கேக். ஆஸ்திரியா, ஹங்கேரி பக்கம் வால்நட் விளைகிறது. மாவுக்குப் பதிலாகப் பருப்பையே பொடித்துப் போட்டு, முட்டையின் நுரையில் எழும்ப வைப்பது அங்கே பழைய வழக்கம். யூதர்கள் பாஸ்கா பண்டிகை நாட்களில் புளித்து உப்பிய ரொட்டி எதையும் தொட மாட்டார்கள். அவர்கள் வீட்டிலும் அந்த நாட்களில் இப்படிப் பருப்பு டோர்ட்டேதான் என்று மகள் சொன்னாள். (சிலர் மாட்ஸா என்ற ரொட்டித் தூள் சேர்ப்பதுண்டு. அது கோதுமை, கவனம்!)

எனக்குச் சட்டென்று ஒன்று புரிந்தது. நாங்கள் இத்தனை நாள் கோதுமைக்கு ஈடு தேடிக்கொண்டிருந்தோம். ஈடு என்றைக்கும் ஈடுதான். இயல்பிலேயே கோதுமை வேண்டாத பண்டத்தைத் தேடியிருக்க வேண்டும். நம் இட்லி எந்த ரொட்டிக்கும் ஈடாக வந்ததில்லையே! அது அதுவாகவே நிற்கிறது. அந்த மாதிரி ஒரு கேக் இது.

ஒரு சனிக்கிழமை அந்தப் பாட்டியம்மா ஒரு கூடையோடு எங்கள் வீட்டுக்கு வந்தார். கூடையில் பக்கத்தைக் கழற்றக்கூடிய வட்டக் கேக் டின், கையால் சுற்றுகிற பருப்பு அரைக்கும் சின்ன மெஷின், ஒரு சின்ன ஜாடி. மகள் பக்கத்து அறையில் அவசர ஆபீஸ் மீட்டிங்கில் மாட்டிக்கொண்டாள். அடுக்களையில் நாங்கள் இரண்டு கிழவிகள்தான். அவருக்குத் தமிழ் தெரியாது, எனக்கு ஜெர்மன் தெரியாது. கையும் கண்ணும்தான் பாஷை.

முட்டையை எடுத்தார். மணிக்கட்டைக் காட்டி உதட்டைப் பிதுக்கினார். மூட்டு வலி, விரல் மடங்கவில்லை. முட்டையை என் பக்கம் நீட்டினார்.

தோழிகளே, அந்த ஒரு நிமிஷம் இருக்கிறதே! கூசியது. என் மாமியார் முகம் ஞாபகம் வந்தது. பிறகு ராத்திரியில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு அழுத பேரன் முகம் ஞாபகம் வந்தது. 'காந்திமதித் தாயே, நீயும் பிள்ளை பெற்றவள்தானே' என்று வாங்கி, கிண்ணத்தின் ஓரத்தில் ஒரு தட்டு தட்டினேன். மஞ்சள் கரு உடைந்து வெள்ளையோடு கலந்துவிட்டது. பாட்டியம்மா சிரித்துவிட்டு அதைத் தனியே எடுத்து வைத்தார். அது மாப்பிள்ளைக்கு ஆம்லெட் ஆயிற்று. அடுத்த ஆறும் ஒழுங்காக வந்தது.

வெள்ளைக் கருவைப் பீட்டரால் அடிக்க அடிக்க, பஞ்சு மாதிரி எழும்பியது. போதுமா என்று நான் பார்க்க, அவர் கிண்ணத்தை வாங்கி என் தலைக்கு மேலே அப்படியே கவிழ்த்தார்! நான் "ஐயோ!" என்று கத்திவிட்டேன். ஒரு சொட்டு விழவில்லை. அதுதான் பதம் பார்க்கிற முறையாம். மகள் மீட்டிங்கை விட்டு ஓடி வந்து பார்த்துவிட்டுப் போனாள்.

மாவைக் கலந்து முடித்து, கேக் டின்னுக்கு வெண்ணெய் தடவினார். ஜாடியைத் திறந்தார். உள்ளே பழுப்பாக ஒரு தூள். ஒரு கை அள்ளி டின்னில் தூவப் போனார்.

எனக்கு என்னவோ போல் இருந்தது. சட்டென்று அவர் கையைப் பிடித்தேன். "வைட்சன்?" என்றேன்.

அவர் அப்படியே நின்றார். ஜாடியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். முகம் வெளுத்துவிட்டது. காய்ந்த ரொட்டியைப் பொடித்த தூள் அது. கேக் ஒட்டாமல் வர டின்னில் அதைத் தூவுவது அவர்கள் வழக்கம். கேக்கில் மாவு இல்லை என்று அவருக்கு நன்றாகத் தெரியும். மகள் எல்லாம் விளக்கியும் இருந்தாள். ஆனால் ஐம்பது, அறுபது வருஷக் கைப்பழக்கம். கை தானாகவே ஜாடியைத் தேடிப் போய்விட்டது.

அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. நான் அவர் கையை விடவில்லை. அலமாரியில் ஒதுக்கி வைத்திருந்த என் பெருங்காய டப்பாவை எடுத்து அவரிடம் காட்டி, "வைட்சன்" என்று சொல்லி, என் நெஞ்சில் தட்டிக் காட்டினேன். அவருக்குப் புரிந்துவிட்டது. இரண்டு பேரும் கொஞ்ச நேரம் அப்படியே நின்றோம்.

பிறகு ஜாடியை மூடி வெளியே வைத்தோம். இரண்டு பேரும் கையைச் சோப்புப் போட்டுக் கழுவினோம். டின்னை வெந்நீரில் நன்றாகத் தேய்த்து, அடியிலும் பக்கத்திலும் வெண்ணெய்த் தாள் போட்டோம். அன்றைக்கு அந்த ஒரு வார்த்தை தெரியாமல் இருந்திருந்தால், பிறந்தநாளன்று குழந்தை மறுபடி படுத்திருப்பான்.

இனி செய்முறையைச் சொல்கிறேன்.

தேவையானவை: வால்நட் பருப்பு 250 கிராம், முட்டை 6, சர்க்கரை 180 கிராம், ஒரு எலுமிச்சம்பழத்தின் மேல்தோல் துருவல், உப்பு ஒரு சிட்டிகை. மேல் பூச்சுக்கு: ஐசிங் சர்க்கரை 150 கிராம், ஆரஞ்சுச் சாறு 2 அல்லது 3 மேஜைக்கரண்டி, ஒரு ஆரஞ்சின் மேல்தோல் துருவல், பட்டைத் தூள் கால் தேக்கரண்டி, கிராம்புத் தூள் ஒரு சிட்டிகை, ஏலக்காய்த் தூள் இரண்டு சிட்டிகை.

வால்நட்டைப் பொடிப்பதில்தான் பாதிப் பக்குவம் இருக்கிறது. மிக்ஸியை ஒரேயடியாக ஓட்டினால் வேர்க்கடலை மாதிரி எண்ணெய் விட்டு விழுதாகிவிடும். 180 கிராம் சர்க்கரையிலிருந்து இரண்டு கரண்டி எடுத்துப் பருப்போடு போட்டு, விட்டு விட்டுச் சுற்றுங்கள். உதிரியாக, ரவை பதத்தில் இருக்க வேண்டும்.

முட்டையின் வெள்ளை, மஞ்சளைப் பிரிக்க மூன்று கிண்ணம் வையுங்கள். ஒவ்வொரு முட்டையையும் முதலில் ஒரு சின்னக் கிண்ணத்தில் பிரித்து, சரியாக வந்தால் மட்டும் வெள்ளையைப் பெரிய கிண்ணத்தில் சேருங்கள். வெள்ளையில் துளி மஞ்சள் கரு கலந்தாலும், கிண்ணத்தில் எண்ணெய்ப் பிசுக்கு இருந்தாலும் நுரை சரியாக எழும்பாது. மாவு இல்லாத இந்தக் கேக்கைத் தூக்கி நிறுத்துவதே அந்த நுரைதான்.

மஞ்சள் கருவோடு பாதிச் சர்க்கரையைச் சேர்த்து, வெளிறிக் கெட்டியாகும் வரை அடியுங்கள். எலுமிச்சைத் துருவலைச் சேருங்கள். வெள்ளையை உப்புப் போட்டு அடித்து, நுரைத்ததும் மீதிச் சர்க்கரையைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்து, கவிழ்த்தால் விழாத பதம் வரும் வரை அடியுங்கள். (தலைக்கு மேலே கவிழ்க்க வேண்டாம்!) பிறகு மஞ்சள் கருக் கலவையில் பருப்புப் பொடியையும் நுரையையும் மாற்றி மாற்றி, மூன்று தடவையாகச் சேருங்கள். கரண்டியால் சுற்றிக் கலக்கக் கூடாது. அடியிலிருந்து மேலே மெதுவாக மடித்துப் போட வேண்டும்.

24 சென்டிமீட்டர் அகல டின்னில் வெண்ணெய்த் தாள் போட்டு ஊற்றி, முன்பே சூடாக்கிய அவனில் 170 டிகிரி செல்சியஸில் 40 முதல் 45 நிமிஷம் வையுங்கள். முதல் அரைமணி நேரம் கதவைத் திறக்கவே கூடாது. குச்சியால் குத்தினால் ஒட்டாமல் வர வேண்டும்.

வெளியே எடுத்து ஆறும்போது நடுவில் கொஞ்சம் அமுங்கும். நான் 'போச்சு!' என்று தலையில் கை வைத்தேன். பாட்டியம்மா தோளைக் குலுக்கிச் சிரித்தார். மாவு இல்லாததால் அது அப்படித்தானாம். அந்தப் பள்ளம்தான் மேல் பூச்சுக்கு இடம்.

பூச்சுக்கு, சலித்த ஐசிங் சர்க்கரையில் ஆரஞ்சுச் சாற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு, தோசை மாவைவிடக் கெட்டியாகக் குழையுங்கள். துருவலும் வாசனைப் பொடிகளும் சேர்த்து, கேக் முழுக்க ஆறிய பிறகு ஊற்றுங்கள். சூட்டில் ஊற்றினால் உருகி ஓடிவிடும். தோலைத் துருவும்போது நிறமான மேல்தோல் மட்டும் வேண்டும். உள்ளே உள்ள வெள்ளை கசக்கும். நார்த்தங்காய் ஊறுகாய் போடுகிறவர்களுக்குச் சொல்லவே வேண்டாம். கடை ஆரஞ்சில் மெழுகு பூசியிருந்தால் வெந்நீரில் தேய்த்துக் கழுவிக்கொள்ளுங்கள்.

பட்டையும் கிராம்பும் அந்த ஊர்க் குளிர்கால வாசனை. டிசம்பரில் தெருவெல்லாம் அந்த மணம்தான். ஏலக்காய் மட்டும் என் பங்கு. பெட்டியிலிருந்து நாலு ஏலக்காய் எடுத்துத் தட்டிப் போட்டேன். பாட்டியம்மா முகர்ந்து பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்.

பிறந்தநாளுக்கு முன்னால் மகள் ஒவ்வொரு பிள்ளையின் அம்மாவுக்கும் போன் போட்டு, "உங்க பிள்ளைக்கு வால்நட், பாதாம் எதுவும் ஒத்துக்காம இருக்கா?" என்று கேட்டாள். நம் பிள்ளைக்காக மற்றவர்கள் கேட்க வேண்டும் என்று நினைக்கிறோம், நாமும் கேட்க வேண்டாமா? நல்லவேளை, யாருக்கும் இல்லை.

ஏழு பிள்ளைகள் வந்தார்கள். கேக் வெட்டியதும் நான் அடுக்களை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு ஒரு சின்னப் பெண் காலித் தட்டை நீட்டினாள். அப்புறம் ஒரு பையன். அப்புறம் எல்லாரும். பேரன் தட்டை எடுத்துக்கொண்டு என்னிடம் ஓடி வந்தான்.

"ஆச்சி! தீர்ந்து போச்சு! எல்லாம் தீர்ந்து போச்சு!"

அத்தனை சந்தோஷமாக யாரும் 'தீர்ந்து போச்சு' என்று சொல்லி நான் கேட்டதில்லை. அன்று ராத்திரி வயிறு வலிக்கவும் இல்லை.

நான் அந்தக் கேக்கைச் சாப்பிடவில்லை. பாட்டியம்மா ஒரு துண்டு எனக்கென்று எடுத்து வைத்திருந்தார். மகள் விஷயத்தைச் சொன்னதும், அந்தத் துண்டைப் பேரனுக்குக் கொடுத்துவிட்டு, ஒரு ஆரஞ்சை அந்த வலிக்கிற விரல்களாலேயே உரித்து என் தட்டில் வைத்தார்.

2024 ஜனவரியில் ஊர் திரும்பிவிட்டேன். இங்கே வந்தும் பாக்கெட்டைத் திருப்பிப் பார்க்கும் பழக்கம் போகவில்லை. நம் ஊரில் இந்த வியாதி வட இந்தியாவைவிடக் குறைவுதான் என்கிறார்கள். ஆனாலும் இருக்கிறது. அப்படி ஒரு குழந்தை இருக்கும் வீடுகளுக்குச் சில விஷயங்கள்:

பெருங்காயம் வாங்கும்போது கோதுமை மாவா, அரிசி மாவா என்று படித்து வாங்குங்கள். மால்ட் சேர்த்த சத்து பானப் பொடிகளில் பார்லி இருக்கும். சாதாரண சோயா சாஸில் கோதுமை இருக்கும். ரவை, சேமியா, மைதா எல்லாமே கோதுமைதான். அரிசி, கேழ்வரகு, கம்பு, சோளம், தினை ஆகியவற்றில் குளூட்டன் கிடையாது. ஆனால் மாவு மில்லில் கோதுமை அரைத்த கையோடு அதே மெஷினில் அரைத்தால் கலந்துவிடும். வீட்டு மிக்ஸியில் அரைப்பது நல்லது. சப்பாத்தி போட்ட கல்லில் அவனுக்குத் தோசை வார்க்காதீர்கள், தனிக் கல் வையுங்கள். பாக்கெட்டில் 'குளூட்டன் ஃப்ரீ' என்று போட, ஒரு கிலோவுக்கு 20 மில்லிகிராமுக்கு மேல் குளூட்டன் இருக்கக் கூடாது என்று நம் நாட்டிலும் விதி இருக்கிறது. ஐசிங் சர்க்கரையில் பெரும்பாலும் சோள மாவுதான் சேர்ப்பார்கள். இருந்தாலும் படித்துவிடுங்கள்.

முக்கியமான ஒன்று. குழந்தைக்கு வயிறு சரியில்லை என்றதும் நீங்களாகக் கோதுமையை நிறுத்திவிடாதீர்கள். நிறுத்திவிட்டுப் பரிசோதித்தால் வியாதி தெரியாமல் போகலாம். முதலில் டாக்டர், பிறகுதான் பத்தியம். கோதுமைதான் காரணம் என்பதே 1940-களில்தான் தெரிய வந்தது. வில்லெம் டிக்கே என்ற டச்சுக் குழந்தை மருத்துவர், 1944-45 பஞ்சக் குளிர்காலத்தில் ரொட்டி கிடைக்காதபோது இந்தக் குழந்தைகள் தேறியதையும், ரொட்டி திரும்ப வந்ததும் மறுபடி நோவில் விழுந்ததையும் கவனித்தார். எவ்வளவு குழந்தைகள் அதற்கு முன்னால் காரணம் தெரியாமலே துன்பப்பட்டிருப்பார்கள்!

முட்டை சேர்க்காத தோழிகளுக்கு ஒரு வார்த்தை. இந்த டோர்ட்டே முட்டை இல்லாமல் வராது, அதை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். உங்களுக்கு இருக்கவே இருக்கிறது பூரணக் கொழுக்கட்டை, புட்டு, இலை அடை. பிறந்தநாளுக்குக் கேக்தான் வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. சேர்ப்பவர்கள் வால்நட்டுக்குப் பதில் பாதாமிலும் செய்யலாம். முந்திரி சீக்கிரம் எண்ணெய் விடும், வேண்டாம்.

பேரனுக்கு இப்போதும் ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் அதே டோர்ட்டேதான். மகள் செய்கிறாள். மேல் பூச்சுக்கு ஏலக்காய் மட்டும் பாளையங்கோட்டையிலிருந்து போகிறது. ஏலக்காயோடு ஒரு பெருங்காய டப்பாவும் அனுப்புகிறேன். அரிசி மாவு சேர்த்தது. இரண்டு தடவை படித்துப் பார்த்துத்தான் பெட்டியில் வைத்தேன்!

— ஒரு வாசகி, பாளையங்கோட்டை